உன்னைப் பற்றி இரண்டு தடவை பேசினேன்

கார்த்தி,

நேற்று உன்னையும் ஸ்வாதியையும் ஹப்சிகுடாவில் உங்கள் புது வீட்டில் விட்டுவிட்டு, பால் காய்ச்சிக் குடித்துவிட்டு, நானும் அப்பாவும் ஆட்டோவில் மல்காஜ்கிரிக்குத் திரும்பிக்கொண்டிருந்தோம். தார்நாக்கா சிக்னலில் ஆட்டோ நின்றபோது அப்பா கேட்டார், "அவன்கிட்ட சொல்லிட்டியா?" இல்லை என்று தலையாட்டினேன். "கல்யாணம் முடியட்டும்னு சொன்ன. முடிஞ்சுது. தனிக்குடித்தனம் வைக்கட்டும்னு சொன்ன. வச்சாச்சு. இன்னும் சொல்லாம இருக்கறது கைக்கு, எதுக்கு?" என்றார். நேரில் சொல்ல வாய் வரவில்லை என்றேன். "அப்போ எழுதிக் குடு. எழுதினா நடுவுல அவன் பேச முடியாது, நீயும் அழ முடியாது." ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் முப்பத்தைந்து வருஷம் இரும்போடு மல்லுக்கட்டிய மனிதர், எந்தச் சிக்கலுக்கும் ஒரு வழி கையில் வைத்திருப்பார். அதனால்தான் இன்று காலைச் சமையலை முடித்துவிட்டு எழுத உட்கார்ந்தேன். அழ முடியாது என்று அவர் சொன்னது மட்டும் சரியில்லை.

உன் வேலை எப்படிப் போயிற்று என்று நீ நினைத்துக்கொண்டிருக்கிறாயோ, அது அப்படிப் போகவில்லை. அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். முதலிலிருந்து சொன்னால்தான் உனக்கு விளங்கும், எனக்கும் சொல்ல வரும். ஸ்வாதியும் பக்கத்தில் உட்கார்ந்து கேட்கட்டும். அவளுக்குத் தமிழ் படிக்க வராது, நீ வாசித்துச் சொல். ஒன்றையும் விட்டுவிடாதே.

செகந்திராபாத் ரயில்வே டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் இருபத்தாறு வருஷம் நான் வேலை பார்த்தது உனக்குத் தெரியும். அங்கே என்ன செய்தேன் என்று நீ ஒருநாளும் கேட்டதில்லை, நானும் சொன்னதில்லை. காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு போர்டு முன்னால் உட்கார்ந்தால் என் குரல்தான் நான். முகம் கிடையாது, பேர் கிடையாது. "ஐயா மீட்டிங்கில் இருக்கிறார்" என்று ஒரு நாளைக்கு இருபது தடவை சொல்வேன். ஐயா அப்போது பக்கோடா சாப்பிட்டுக்கொண்டிருப்பார். கூப்பிட்டவருக்கும் அது தெரியும். "சரிம்மா, பக்கோடா தீர்ந்ததும் சொல்லு" என்று ஒருவர் சிரித்துக்கொண்டே லைனை வைத்திருக்கிறார். அதைப் பொய் என்று நான் கணக்கில் வைத்ததேயில்லை. இரண்டு பக்கமும் தெரிந்தே சொல்வது ஒருவகை மரியாதை, அவ்வளவுதான். ஆனால் அப்படிச் சொல்லிச் சொல்லி, குரலில் ஒரு நடுக்கமும் இல்லாமல் எதை வேண்டுமானாலும் சொல்லப் பழகிவிட்டேன். அதுதான் பின்னால் வினையானது.

அதற்கும் முன்னால் இன்னொன்று இருக்கிறது. ஏழாம் வகுப்பில் நீ கணக்கில் தேறவில்லை. அப்பா மேல் இருந்த பயத்தில் மார்க் அட்டையை மெத்தைக்கு அடியில் ஒளித்து வைத்திருந்தாய். மெத்தையை உதறும்போது என் கையில் கிடைத்தது. உன் முகம் வெளுத்துப் போயிற்று. நான் என்ன செய்தேன், ஞாபகம் இருக்கிறதா? பேனாவை எடுத்து, அப்பா சாய்த்துப் போடும் அதே மாதிரி, அவர் கையெழுத்தை நானே போட்டுக் கொடுத்தேன். "அடுத்த தடவை நல்லாப் படி" என்றேன். நீ என் இடுப்பைக் கட்டிக்கொண்டாய். அன்றைக்கு அது அன்பு என்றுதான் நினைத்தேன். அன்புதான், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் பொய் சொல்ல வேண்டியிருந்தால் அம்மா இருக்கிறாள் என்று உனக்குக் கற்றுக் கொடுத்ததும் அதே கைதான். அப்பா கோபக்காரர் என்பது உண்மை. அவருடைய கோபத்திலிருந்து உன்னைக் காப்பாற்றுகிறேன் என்று, அவரையே இந்த வீட்டில் பாதி விஷயம் தெரியாத மனிதராக ஆக்கிவைத்தேன்.

நீ இன்ஜினியரிங் முடித்த வருஷம் வேலைகளெல்லாம் வற்றிப் போயிருந்தன. உனக்கு இரண்டு வருஷம் முன்னால் முடித்தவர்கள் அமெரிக்காவிலிருந்து மூட்டை கட்டித் திரும்பிக்கொண்டிருந்தார்கள். நீ தினமும் காலையில் பஸ் பிடித்து அமீர்பேட்டைக்குப் போவாய், அந்தக் கோர்ஸ், இந்தக் கோர்ஸ். போகிற இடத்திலெல்லாம் "எக்ஸ்பீரியன்ஸ் இருக்கா?" என்று கேட்டார்கள். வேலை கொடுக்காமல் அனுபவம் எங்கிருந்து வரும் என்று சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போவாய். இரண்டு வருஷம் அப்படிப் போயிற்று. உன் கன்னம் ஒட்டியது எனக்குத் தெரிந்தது. நீ பேச்சைக் குறைத்ததும் தெரிந்தது. பிறகு ஒருநாள் மத்தியானம் புது ஃபைல் ஒன்றோடு வந்தாய். அப்பா ஒர்க்‌ஷாப்பில் இருந்தார்.

"அம்மா, நம்ம லேண்ட்லைனுக்கு ஒரு கால் வரும். நீ எடுத்துப் பேசணும்."

"யார் பேசுவாங்க?"

"நான் செலக்ட் ஆயிருக்கிற கம்பெனில இருந்து. நான் முன்னாடி ஒரு இடத்துல ரெண்டு வருஷம் வேலை பார்த்தேனான்னு கேப்பாங்க. பார்த்தான்னு நீ சொல்லணும். நீதான் அங்க ஹெச்.ஆர். மேனேஜர்."

நான் சிரித்தேன். நீ சிரிக்கவில்லை. ஃபைலைத் திறந்து காட்டினாய். இல்லாத ஒரு கம்பெனியின் லெட்டர் ஹெட், நீ பார்க்காத வேலைக்கு ஒரு சான்றிதழ், கீழே யாரோ போட்ட கையெழுத்து. அமீர்பேட்டையில் ஒரு கன்சல்டன்சி ஆள் செய்து கொடுத்தது. அவன் நம்பரைக் கம்பெனிக்காரர்கள் கண்டுகொண்டார்களாம், அதனால் வேறு நம்பர் வேண்டும், நல்ல இங்கிலீஷ் பேசுகிற ஒரு பெண் குரலும் வேண்டும். "எல்லாரும் பண்றாங்கம்மா. எங்க பேட்ச்ல முக்கால்வாசி இப்படித்தான் உள்ள போயிருக்காங்க. வேலை எனக்கு வரும், உள்ள விடறதுக்குத்தான் இந்தப் பேப்பர். கிஸீகா நுக்சான் நை" என்றாய். யாருக்கும் நஷ்டமில்லை.

"அப்பாவுக்கு?"

"அவருக்கு எதுக்கும்மா? சொல்லாத."

ஆயிரம் பொய் சொல்லிக் கல்யாணம் பண்ணுகிற ஊரில், ஒரு பொய் சொல்லி ஒரு வேலை என்று மனசைத் தேற்றிக்கொண்டேன்.

மூன்றாம் நாள் கால் வந்தது. மறுமுனையில் ஒரு பெண், உன் வயசுதான் இருக்கும், மரியாதையாகப் பேசினாள். நீ என்ன வேலை பார்த்தாய், எப்போது சேர்ந்தாய், எப்போது விலகினாய், நடத்தை எப்படி. நீ எழுதி வைத்துப் போன துண்டுக் காகிதத்தைப் பார்த்து ஒவ்வொன்றாகச் சொன்னேன். கடைசியாக, "திரும்ப வந்தால் அவரை வேலைக்கு எடுத்துக்கொள்வீர்களா மேடம்?" என்று கேட்டாள். காகிதத்தில் அதற்குப் பதில் இல்லை. "யோசிக்கவே மாட்டேன். ரொம்ப சின்சியர். அவனை மாதிரி பையன் கிடைக்கக் கொடுத்து வைத்திருக்க வேண்டும்" என்றேன். அந்தப் பேச்சில் அது ஒன்றுதான் நிஜம். "உங்கள் குரல் ரொம்ப நன்றாக இருக்கிறது மேடம்" என்று சொல்லி வைத்துவிட்டாள்.

இதுவரை யாரிடமும் சொல்லாததை இப்போது சொல்கிறேன். வைத்ததும் எனக்குப் பயம் வரவில்லை. சந்தோஷம் வந்தது. எக்ஸ்சேஞ்சில் ஆட்டோமேட்டிக் மெஷின் வந்து, நான் முன்கூட்டியே ரிட்டயர் ஆகி மூன்று வருஷம் ஆகியிருந்தது. அந்த மூன்று வருஷத்தில் என் குரலை யாரும் கேட்கவில்லை. அன்றைக்கு அதற்கு மறுபடி ஒரு வேலை கிடைத்தது. உனக்காகத்தான் பொய் சொன்னேன் என்று இத்தனை வருஷம் சொல்லிக்கொண்டேன். கொஞ்சம் எனக்காகவும் சொன்னேன். பிறருக்காகச் சொல்கிற பொய்களை உற்றுப் பார்த்தால் நமக்கும் அதில் ஒரு பங்கு இருக்கும்.

உனக்கு வேலை கிடைத்தது. அப்பாவுக்குத் தரையில் கால் பாவவில்லை. ஒர்க்‌ஷாப் முழுக்க ஸ்வீட் கொடுத்தார். அதோடு விட்டாரா? "ரெண்டு வருஷம் சும்மா இருந்தான் என் பையன். ஊரே போலிப் பேப்பர் வாங்கி உள்ள போச்சு. இவன் குறுக்கு வழில போகல. பொறுத்து இருந்தான், கிடைச்சுது" என்று பார்க்கிறவரிடமெல்லாம் சொன்னார். பால் பூத்தில், ரேஷன் கடையில், கோயிலில். யாராவது வீட்டுக்கு வந்தால் போதும், அந்தப் பேச்சு வந்துவிடும். அவர் ஆரம்பித்ததும் நான் எழுந்து அடுப்பங்கரைக்குப் போய்விடுவேன். பாத்திரத்தை உருட்டுவேன். பொய்யே பேசாத மனிதர் என் பொய்யை என் கண் முன்னால் ஊர் முழுக்க விநியோகம் செய்துகொண்டிருந்தார், அது பொய் என்று தெரியாமலே.

அந்தோணியின் மகள் ஸ்டெல்லா வந்தது அப்போதுதான். அந்தோணி அப்பாவோடு ஒரே பெஞ்சில் வேலை பார்த்தவர், ரெண்டு தெரு தள்ளி வீடு. ஸ்டெல்லா எம்.சி.ஏ. முடித்து ஒரு வருஷமாக வேலை தேடிக்கொண்டிருந்தாள். அதே மாதிரி ஒரு கன்சல்டன்சி ஆள் அவளுக்கும் பேப்பர் தருவதாகச் சொல்லியிருந்தான். வாங்கலாமா வேண்டாமா என்று அவளுக்குக் குழப்பம், அவள் அப்பா எங்கள் வீட்டுக்கு அனுப்பி வைத்தார். உன் அப்பா அவளை உட்கார வைத்து, "நக்கோ பேட்டா, வேண்டாம், அந்தப் பக்கமே போகாத. எங்க கார்த்தியப் பாரு" என்று ஆரம்பித்தார். நான் அவளுக்குக் காபியும் அப்பளமும் கொண்டுவந்து வைத்தேன். அந்தப் பெண் என்னைப் பார்த்து, "நிஜமாவா ஆன்ட்டி? ரெண்டு வருஷம் வெயிட் பண்ணினானா?" என்று கேட்டாள். நான் தலையாட்டினேன். ஒரு வார்த்தை பேசவில்லை. தலையை மட்டும் ஆட்டினேன். டெலிபோனில் சொன்னதைவிட அந்தத் தலையாட்டல்தான் பெரிய பொய் என்று இன்றைக்கு நினைக்கிறேன். டெலிபோனில் கேட்டவள் அதை ஒரு ஃபாரத்தில் எழுதிக்கொண்டாள். இவள் அதை வைத்துத் தன் வாழ்க்கையைத் தீர்மானித்தாள்.

ஸ்டெல்லா பேப்பர் வாங்கவில்லை. ஒரு கால் சென்டரில் சேர்ந்து மூன்று வருஷம் நைட் ஷிப்ட் பார்த்தாள். அப்புறம் ஒரு சின்ன கம்பெனியில் டெஸ்டிங். நீ டீம் லீட் ஆன வருஷம்தான் அவளுக்கு முதல் நல்ல வேலை கிடைத்தது.

நீ மட்டும் சுகமாகவா இருந்தாய்? வெளியிலிருந்து பார்த்தவர்களுக்கு அப்படித்தான். நான் வீட்டுக்குள்ளிருந்து பார்த்தேன். ஆபீஸில் ஆடிட் என்றாலே இரண்டு நாள் உனக்குச் சாப்பாடு இறங்காது. அதைவிட நல்ல கம்பெனியில் கூப்பிட்டபோது போகவில்லை, "இங்கயே செட் ஆயிடுச்சும்மா" என்றாய். புதுக் கம்பெனி என்றால் பழைய பேப்பரெல்லாம் மறுபடி கேட்பார்கள் என்ற பயம்தான் அது என்று எனக்குத் தெரியும். காலேஜ் நண்பர்கள் கூடும்போது போகமாட்டாய், அந்த இரண்டு வருஷம் நீ எங்கே இருந்தாய் என்று அவர்களுக்குத் தெரியும் அல்லவா. நாம் இருவரும் அதைப் பற்றி ஒருநாளும் பேசியதில்லை. எட்டு வருஷம். ஒரே பொய்யைச் சேர்ந்து சுமக்கிற இரண்டு பேர் நெருங்கிப் போவார்கள் என்று நினைப்போம். இல்லை கார்த்தி. ஒருவர் முகத்தைப் பார்த்தால் மற்றவருக்கு அது ஞாபகம் வந்துவிடுகிறது. நீ என் கண்ணைப் பார்த்துப் பேசுவதே குறைந்துபோயிற்று. வேலைப்பளு என்று அப்பா சொல்வார். நான் ஆமாம் என்பேன்.

போன வருஷம் உனக்கும் ஸ்வாதிக்கும் நிச்சயம் ஆன மறு வாரம் ஸ்டெல்லா வந்தாள். பெரிய கம்பெனி ஒன்றில் மேனேஜர் ஆகியிருந்தாள். அப்பாவுக்கு ஒரு சட்டைத் துணி, எனக்கு ஒரு டப்பா பாதுஷா. "அங்கிள், அன்னிக்கு நீங்க மட்டும் கார்த்தி கதையைச் சொல்லலன்னா நான் அந்தப் பேப்பரை வாங்கியிருப்பேன். எங்க ஆபீஸ்ல போன மாசம் அப்படி வாங்கின பன்னெண்டு பேரை ஒரே நாள்ல அனுப்பிட்டாங்க. நான் நிம்மதியா என் சீட்ல உட்கார்ந்திருந்தேன்" என்றாள். அப்பாவுக்குக் கண் கலங்கிவிட்டது. நான் அடுப்பங்கரைக்குத்தான் போனேன். ஆனால் அன்றைக்குப் பாத்திரத்தை உருட்டக் கை வரவில்லை. அவள் சொன்ன அந்த நிம்மதி என் பிள்ளைக்கு எட்டு வருஷமாக இல்லையே என்று சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

அதற்கு நாலு நாள் கழித்து, காலை பதினொரு மணி இருக்கும், கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். லேண்ட்லைன் அடித்தது. சரிபார்ப்பு ஏஜென்சி ஒன்றிலிருந்து ஒரு பெண் இங்கிலீஷில், இன்ன கம்பெனியின் ஹெச்.ஆர். பிரிவா என்று கேட்டாள். அந்தப் பெயரை நான் மறந்தே போயிருந்தேன். அவள் உன் பெயரைச் சொன்னதும்தான் உறைத்தது. உங்கள் கம்பெனிக்குப் புதிதாக ஒரு பேங்க் வேலை வந்திருக்கிறதாம், அவர்கள் கேட்டதால் எல்லோருடைய பழைய விவரங்களையும் மறுபடி சரிபார்க்கிறார்களாம். கீரைக் கட்டை மடியிலிருந்து இறக்கி வைத்தேன். அவள் அவசரத்தில் இருந்தாள். "கம்பெனி மூடிவிட்டதென்றால் சொல்லுங்கள் மேடம், 'மூடப்பட்டது' என்று குறித்துக்கொள்கிறேன், பிரச்சினை இல்லை" என்றாள். பார், அவளே கதவைத் திறந்து விட்டாள். ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். ராங் நம்பர் என்று வைத்துவிட்டாலும் போதும். என் குரல் அதற்குத் தயாராகவும் இருந்தது.

"இல்லம்மா. அப்படி ஒரு கம்பெனி இங்கே இருந்ததே இல்லை. இது வீடு. நான் அந்தப் பையனுடைய அம்மா. எட்டு வருஷம் முன்னால் பொய் சொன்னது நான்தான்" என்றேன்.

மறுமுனையில் கீபோர்டு தட்டும் சத்தம் நின்றது. பிறகு தாழ்ந்த குரலில், "மேடம், இதை நான் எழுத வேண்டியிருக்கும். எழுதட்டுமா?" என்று கேட்டாள். அவளுக்கும் ஒரு அம்மா இருப்பாள். "எழுதிக்கோம்மா" என்றேன். குரல் நடுங்கியது. இருபத்தாறு வருஷ வேலையில் ஒருநாளும் நடுங்காத குரல்.

இதுதான் நான் சொல்ல வேண்டியது, கார்த்தி. ஏஜென்சிக்காரர்கள் தோண்டிக் கண்டுபிடித்தார்கள் என்று நீ நினைத்துக்கொண்டிருக்கிறாய். யாரும் எதையும் தோண்டவில்லை. நான்தான் கொடுத்தேன். உன்னைக் கேட்காமல், கல்யாணத்துக்கு மூன்று மாசம் இருக்கும்போது. உண்மை சொல்வது நல்லது என்று எல்லோரும் சொல்வார்கள். ஆனால் அந்த உண்மையில் பாதிதான் என்னுடையது. நான் டெலிபோனில் பேசியது என் பாதி. உன் பெயர், உன் வேலை, உன் வருஷங்கள் உன் பாதி. இரண்டையும் சேர்த்து நான் எடுத்துக் கொடுத்துவிட்டேன். முதலில் உன்னைக் கூப்பிட்டு, "இனி என்னால் முடியாதுடா, நீயே போய்ச் சொல்லு" என்றிருக்க வேண்டும். அந்தத் தைரியம் எனக்கு இல்லை. பொய் சொல்வதற்கு எட்டு வருஷம் அவகாசம் எடுத்துக்கொண்டவள், உண்மை சொல்வதற்கு ஒரு நிமிஷம்கூட எடுத்துக்கொள்ளவில்லை. அது தவறு. அன்று சாயங்காலம் நீ ஆபீஸிலிருந்து வந்தபோதாவது சொல்லியிருக்க வேண்டும். கீரை மசியலைப் பரிமாறிக்கொண்டு பேசாமல் நின்றேன். உண்மை சொன்ன அன்றைக்கே புதிதாக ஒரு பொய்யையும் ஆரம்பித்தேன்.

பத்து நாள் கழித்து மத்தியானம் மூன்று மணிக்கே பையோடு வீட்டுக்கு வந்தாய். செருப்பைக்கூடக் கழற்றாமல் நாற்காலியில் உட்கார்ந்து சொன்னாயே, ஒவ்வொரு வார்த்தையும் எனக்கு ஞாபகம் இருக்கிறது. "கூப்பிட்டு உட்கார வச்சாங்கம்மா. அவங்க என்ன கையில வச்சிருக்காங்கன்னு எனக்குத் தெரியாது. மழுப்பியிருக்கலாம். முடியலம்மா. எல்லாத்தையும் சொல்லிட்டேன்." நான் உன் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தேன். "யார் ஃபோன்ல பேசினதுன்னு கேட்டாங்க. ஃப்ரெண்டோட அக்கான்னு சொல்லிட்டேன். உன் பேர் வரவே இல்ல. நீ பயப்படாத" என்றாய். அப்புறம், "அந்த மேடம் என்னை ஒரு நிமிஷம் பார்த்தாங்க. கையில இருந்த பேப்பரைப் பார்த்தாங்க. ஃபைலை மூடிட்டு, டெர்மினேட் பண்ணல, நீங்களே ரிசைன் பண்ணிட்டுப் போங்கன்னாங்க. ஏன்னு புரியல" என்றாய்.

எனக்குப் புரிந்தது. அந்தப் பேப்பரில், ஃபோனில் பேசியது 'அம்மா' என்று எழுதியிருக்கும். எல்லா உண்மையையும் சொல்லிவிட்டு ஒரே ஒரு பொய்யை மட்டும் மிச்சம் வைத்திருந்தாய், அது என்னைக் காப்பாற்ற. அது பொய் என்று அந்த அம்மாளுக்கு உன் எதிரிலேயே தெரிந்துவிட்டது. அவளும் அதைத் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. அவள் செய்தது பொய்யா, கருணையா என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. அப்போதே உன்னிடம் எல்லாவற்றையும் சொல்ல வாயெடுத்தேன். நீ நாலு மணிக்குப் படுத்தவன் மறுநாள் காலை பத்து மணிக்குத்தான் எழுந்தாய். எட்டு வருஷத்தில் நீ அப்படித் தூங்கி நான் பார்த்ததில்லை. எழுப்ப மனசு வரவில்லை. எழுந்த பிறகு சொல்லத் தைரியம் வரவில்லை.

அப்பாவிடம் நீயே போய்ச் சொன்னாய், அங்கேயும் என்னை விட்டுவிட்டு. என் பங்கை அன்று மத்தியானமே நான் சொல்லிவிட்டேன், முதல் ஃபோன் பேச்சையும் இரண்டாவதையும், ஏழாம் வகுப்புக் கையெழுத்தையும். கத்துவார் என்று எதிர்பார்த்தேன். கத்தவில்லை. பதினொரு நாள் எங்கள் இருவரோடும் பேசவில்லை. தட்டைப் போட்டால் சாப்பிடுவார், எழுந்து போய்விடுவார். பன்னிரண்டாம் நாள் காலை இஸ்திரி போட்ட சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார். எங்கே என்று கேட்கவும் பயமாக இருந்தது. ஒரு மணி நேரம் கழித்துத் திரும்பினார். நேராக ஸ்டெல்லா வீட்டுக்குத்தான் போயிருக்கிறார். "அவகிட்ட நான் சொன்னது பொய்யாப் போச்சுன்னு சொல்லிட்டு வந்தேன். எனக்குத் தெரியாம சொன்னதுதான். ஆனா சொன்ன வாய் இது" என்றார்.

"அவ என்ன சொன்னா?"

"உட்கார வச்சு காபி குடுத்தா. அப்புறம், 'நீங்க சொன்ன பேச்சு சரிதான் அங்கிள், ஆள்தான் தப்பு'ன்னா." அப்பா சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். "பசிக்குது. என்ன பண்ணியிருக்க?" என்றார். பன்னிரண்டு நாளில் என்னைப் பார்த்துக் கேட்ட முதல் கேள்வி. எத்தனை தோசை வார்த்தேன் என்று எனக்கே கணக்கில்லை, அத்தனை நிம்மதி.

ஸ்டெல்லா என்னை மன்னிக்கவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். ஒருநாள் ரோட்டில் நின்று நேருக்கு நேராகவே சொன்னாள். "கார்த்தி மேல எனக்குக் கோபமே இல்ல ஆன்ட்டி. உங்க மேலதான். நான் உங்களைக் கேட்டேன். உங்களைப் பார்த்துக் கேட்டேன்." அவளுக்கு நல்லதாக முடிந்ததே என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொல்ல எனக்கு உரிமை இல்லை. நைட் ஷிப்ட் பார்த்தது அவள், தலையாட்டியது நான். கல்யாணத்துக்கு வந்தாள், பந்தியில் அப்பா பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட்டாள், உன்னோடு சிரித்துப் பேசினாள். எனக்கு ஒரு வணக்கம் வைத்துவிட்டுப் போனாள். அதுவே எனக்கு அதிகம்.

ஸ்வாதியிடம் நீ சொன்ன அன்றைக்குத்தான் என் உயிரே என்னிடம் இல்லை. சொந்தக்காரர்கள் எல்லோரும் கல்யாணம் முடியட்டும் என்றார்கள். நீ கேட்கவில்லை. இரண்டு நாள் அவளிடமிருந்து பேச்சு மூச்சு இல்லை. மூன்றாம் நாள் அவளே நம் வீட்டுக்கு வந்து, என் முன்னாலேயே உன்னைக் கேட்டாள், "இங்கா ஏமன்னா உந்தா?" இன்னும் ஏதாவது இருக்கிறதா என்று. நீ இல்லை என்றாய். "சரே" என்றாள். "அத்தம்மா, டீ போடட்டுமா?" என்று கேட்டுக்கொண்டு அடுப்பங்கரைக்கு வந்துவிட்டாள். அவள் கேட்டபோது இல்லை என்று நீ சொன்னது உனக்குத் தெரிந்தவரை நிஜம். ஆனால் இருந்தது, என்னிடம். பாவம், அதையும் சேர்த்துத்தான் உன்னை அவள் நம்பினாள். அதனால்தான் அவளுக்கும் வாசித்துக் காட்டச் சொன்னேன்.

இப்போது மல்லாபூரில் அந்த ஃபாக்டரியின் கம்ப்யூட்டர் பிரிவில் வேலை பார்க்கிறாய். முன்னால் இருந்ததைவிடச் சின்ன நாற்காலி. சேரும்போது எந்த வருஷம் எங்கே இருந்தாய் என்று ஒன்றும் விடாமல் எழுதிக் கொடுத்ததாகச் சொன்னாய். வேலையில்லாமல் இருந்த இரண்டு வருஷத்துக்கு நேராக 'வேலையில்லை' என்று எழுதினாயாம். அதைச் சொல்லும்போது என் கண்ணைப் பார்த்துச் சொன்னாய். போன வாரம் எதிர்வீட்டுக்காரர் அப்பாவிடம் உன்னைப் பற்றி விசாரித்தார். "தப்பு பண்ணினான், தானே ஒத்துக்கிட்டான், இப்ப ஒழுங்கா இருக்கான்" என்று அப்பா சொன்னார். நான் எழுந்து உள்ளே போகவில்லை. அங்கேயே உட்கார்ந்து வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தேன்.

உங்களுக்கு நான் சொல்ல விரும்புவது அதிகம் இல்லை. குழம்பு நன்றாக இருக்கிறது என்று சொல்லிக்கொள்ளுங்கள், புடவை எடுப்பாக இருக்கிறது என்று சொல்லிக்கொள்ளுங்கள். அதெல்லாம் பக்கோடா சாப்பிடுகிற ஐயாவின் மீட்டிங் மாதிரி, வீட்டுக்கு வீடு உண்டு. ஆனால் ஒருவருக்காக இன்னொருவர் வெளியாரிடம் பொய் சொல்லும்படி வைத்துக்கொள்ளாதீர்கள். கேட்டால் மறுத்துவிடுங்கள். கேட்காமலே முன்வந்து சொல்லிவிடாதீர்கள், அது இன்னும் மோசம், அந்த மார்க் அட்டையில் நான் செய்தது அதைத்தான். நாளைக்கு உங்கள் பிள்ளை மார்க் அட்டையை மெத்தைக்கு அடியில் ஒளித்தால், அதைக் கையில் பிடித்துக்கொண்டு அப்பாவிடம் கூட்டிப் போங்கள். பக்கத்தில் நில்லுங்கள். அவனுக்குப் பதிலாகப் பேசாதீர்கள்.

ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேரும் சாப்பிட வாருங்கள். கோபம் இருந்தால் அதோடேயே வா. உனக்குக் கோபப்பட நியாயம் இருக்கிறது, அதை நான் தாங்குவேன். திட்ட வேண்டுமென்றால் திட்டு, பேசாமல் இருக்க வேண்டுமென்றால் இரு, அப்பா இருந்த மாதிரி பதினொரு நாளோ, அதற்கு மேலோ. என் மனசு நோகுமே என்று மட்டும் "பரவாயில்லம்மா" என்று சொல்லிவிடாதே. உனக்கு நிஜமாகவே பரவாயில்லை என்று ஆகிற அன்றைக்குச் சொல். அதுவரை நான் இருப்பேன்.

உன் அம்மா